மத்தியானம் வரை கூப்பிட்ட குரல்

மலாயாவில் பந்திங் பக்கத்தில் ரப்பர் நடுவதற்காக நாங்கள் வெட்டிய காட்டில், ஏற்கெனவே இரண்டு பேர் காணாமல் போயிருந்தார்கள். ஒருநாள் காலை, என்னோடு வேலை செய்த முனியன் கொடி அறுக்க உள்ளே போனான். சற்று நேரத்தில் "கோவிந்தண்ணே" என்று அவன் குரல் கேட்டது. நான் வாய் திறப்பதற்குள் கங்காணி தடுத்தார்.

"பதில் குடுக்காதே. காட்டுல இருக்கிறது நம்ம ஆளுங்க குரல்லதான் கூப்பிடும்."

மத்தியானம் வரை கேட்டது. நாங்கள் தலைநிமிராமல் மரம் வெட்டினோம்.

மறுநாள் போய்ப் பார்த்தோம். நூறடி தள்ளி, புதைசேற்றின் ஓரத்து வேரில் அவன் தலையில் கட்டியிருந்த துண்டு முடிச்சிட்டுக் கிடந்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் கூப்பிட்டிருக்கிறான்.

இப்போது யார் கூப்பிட்டாலும் முதல் குரலுக்கே "இதோ வரேன்" என்கிறேன். யாரும் கூப்பிடாதபோதும் சொல்கிறேனாம். மனைவி சொல்கிறாள்.