மலைக்கு அந்தப் பக்கத்துத் தண்ணீர்

எங்கள் ஊர் மலையை மலை என்று சொன்னால் ஏலகிரி சிரிக்கும். வெற்றிலை போட்டு மென்று துப்புவதற்குள் உச்சிக்குப் போய்விடலாம். ஆனாலும் அதற்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒன்றல்ல. வடக்கே எங்கள் பக்கம் தோல் பதனிடும் டேனரிகள், தண்டவாளம், வறண்ட பாலாறு, உப்பேறி நாறும் கிணறுகள். தெற்கே ஆலங்காயம் போகும் சாலை, மாந்தோப்பு, கடலைக்கொல்லை, அடிவாரத்தில் கோடையிலும் வற்றாத ஒரு சுனை.

சித்தப்பாவுக்கு ஷூ கம்பெனியில் நல்ல வேலை. பெண் மட்டும் அமையவில்லை. வீடு பார்க்க வருகிறவர்கள் ஒரு வாய் தண்ணீர் குடித்ததும் முகம் மாறி, கை நனைக்காமலே எழுந்துவிடுவார்கள். சம்மதம் என்றால்தான் பெண் வீட்டார் சாப்பிட உட்காருவது எங்கள் வழக்கம்.

மலைக்குத் தெற்கேயிருந்து ஒரு வீட்டார் வருவதாக இருந்தபோது, கேன் தண்ணீர் வாங்கிவிடலாம் என்றாள் அம்மா.

"கேன் தண்ணி வெச்சா அப்பவே தெரிஞ்சிடும்" என்றார் அப்பா.

விடிந்ததும் நானும் அவரும் குடங்களோடு மலையேறி இறங்கி, சுனைத் தண்ணீரைக் கொண்டுவந்து கிணற்றடிப் பானையில் ஊற்றினோம். என் குடம் சின்னதுதான். ஆனாலும் சித்தப்பாவின் கல்யாணத்தையே இடுப்பில் சுமந்து வருவதாக எனக்குப் பெருமை தாங்கவில்லை.

பெண்ணின் அப்பா சொம்பை அண்ணாந்து குடித்தார். இன்னொரு சொம்பும் கேட்டு வாங்கிக் குடித்தார்.

"இந்தப் பக்கம் தண்ணி சரியில்லன்னாங்க. எங்க ஊர் தண்ணி மாதிரியே கீதே. இலை போடுங்க, கை நனைச்சிடலாம்."

அவர்கள் போனதும் வீடே விழுந்து விழுந்து சிரித்தது. அந்த மனிதர் முகத்தில் இருந்த நிம்மதி இப்போதும் கண்ணில் நிற்கிறது.

கல்யாணமான மறுநாள் காலையில், சித்தி கிணற்றடியில் வாய் கொப்பளித்துத் துப்பினாள். மறுபடி மொண்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள். அன்றிலிருந்து குடிக்கக் கேன் தண்ணீர் வந்தது. குளிக்க, துவைக்கக் கிணறுதான். கொஞ்ச நாளிலேயே அவளுடைய முடி கொத்துக் கொத்தாகச் சீப்போடு வந்தது.

ஒரு சாயங்காலம் என்னை மலைக்குக் கூட்டிப்போனாள். உச்சியில் நின்று தெற்கே ஒரு புளியமரத்தைக் காட்டினாள்.

"அதுக்குப் பின்னாலதான் எங்க ஊடு" என்றாள். என் பக்கம் திரும்பி, "எங்கப்பா வந்த அன்னிக்கு எங்கேர்ந்து பாப்பா தண்ணி எடுத்தாந்தீங்க?" என்று கேட்டாள்.

வழி காட்டுகிற மிதப்பில் ஓடி இறங்கிச் சுனையைக் காட்டினேன். சித்தி இரண்டு கையாலும் அள்ளிக் குடித்தாள். பிறகு முகம் கழுவினாள். கழுவிக்கொண்டே இருந்தாள்.

"நேரமாச்சி சித்தி."

"இரு, வர்றேன்" என்றாள், திரும்பாமல்.

அழுக்கே இல்லாத முகத்தை எதற்கு இவ்வளவு நேரம் கழுவுகிறாள் என்று எனக்குச் சலிப்பாக இருந்தது. வந்ததுதான் வந்தோம், ஒரு குடம் கொண்டுவராமல் போனோமே என்பதுதான் அன்று எனக்கிருந்த ஒரே வருத்தம்.