இரண்டாம் எண் ஆடு

ஆடு எப்படி நடக்கிறது என்பது ஆடு மேய்க்கிற எல்லோருக்கும் தெரியும். அதையே சமன்பாடாக எழுதினால் முனைவர் பட்டம் தருகிறார்கள். எனக்குத் தரவில்லை.

பெரம்பலூரில் ஒரு கல்லூரியில் புள்ளியியல் நடத்துகிறேன். துறையில் முனைவர் பட்டம் இல்லாதவள் நான் ஒருத்திதான். துறைத் தலைவர் இதைத் தினமும் சொல்லமாட்டார், திங்கட்கிழமை மட்டும் சொல்வார். ஆய்வுப் பதிவுக்கு இரண்டு முறை நீட்டிப்பு வாங்கியாகிவிட்டது. மார்ச் மாதத்துக்குள் ஆய்வேட்டைக் கொடுக்காவிட்டால் பதிவு ரத்து, ஆறு வருடப் படிப்பு அத்தோடு போச்சு.

வேலை எளிமையானது. தீப்பெட்டி அளவில் ஒரு ஜிபிஎஸ் கருவி. அதைப் பட்டையில் கோத்து ஆட்டின் கழுத்தில் கட்டிவிட்டால், பத்து நிமிடத்துக்கு ஒருமுறை ஆடு இருக்கும் இடத்தை என் கணினிக்கு அனுப்பும். ஒரு புள்ளிக்கும் அடுத்த புள்ளிக்கும் எவ்வளவு தூரம், எந்தப் பக்கம் திரும்பியது என்ற இரண்டை வைத்துக்கொண்டு, ஆடு மேய்கிறதா, நடக்கிறதா, படுத்திருக்கிறதா என்று கணக்குச் சொல்லிவிடும். ஆட்டைப் பார்க்கவே வேண்டியதில்லை. இதுதான் இந்த முறையின் பெருமை என்று முதல் அத்தியாயத்தில் எழுதியிருந்தேன்.

ஆறு கருவிகள் வாங்கினேன். இரண்டில் தண்ணீர் இறங்கிவிட்டது. ஒன்றை வாய்க்காலில் தொலைத்தார்கள். இன்னொன்று, ஆட்டோடு சேர்ந்து சந்தையில் விலைபோய்விட்டது. மிச்சம் இரண்டையும் அரியலூர் ரோட்டில் ஒரு ஊரில், நாற்பது செம்மறி வைத்திருந்த ஒரு கணவன் மனைவியிடம் கொடுத்தேன். பெண்ணாடு ஒன்றுக்கு ஒன்றாம் எண், இன்னொன்றுக்கு இரண்டாம் எண். இவை தொலைந்தால் என் படிப்பே போய்விடும் என்று இருவரிடமும் தனித்தனியாகச் சொன்னேன். ஆட்டைவிடக் கருவியைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளச் சொன்னேன். பார்த்துக்கொண்டார்கள்.

ஆறு மாதம் அருமையாகத் தரவு வந்தது. இரண்டாம் எண் ஆடு, ஆடு என்றால் இப்படித்தான் என்று பாடப்புத்தகத்தில் போடலாம் போல மேய்ந்தது. ஒன்றாம் எண்தான் விசித்திரம். காலை ஒன்பது மணிக்கு ஏரிக்கரைக்குப் போகும். மத்தியானம் வரை அங்கேயே பத்தடி இந்தப் பக்கம், பத்தடி அந்தப் பக்கம். பிறகு நேர்கோட்டில் வீடு. ஏரி வண்டலில் ஏதோ உப்புச்சத்து இருக்கிறது, சினை ஆடு அதைத் தேடிப் போகிறது என்று நான்கு பக்கம் எழுதினேன். நெறியாளர் ஓரத்தில் ‘நன்று’ என்று குறித்தார். அவர் அப்படி எழுதி நான் பார்த்தது அது ஒருமுறைதான்.

சின்னச் சின்னக் கோளாறுகளும் இருந்தன. ஒன்றாம் எண் சனிக்கிழமைகளிலும், இரண்டாம் எண் புதன்கிழமைகளிலும் பஸ் வேகத்தில் எங்கோ போய் வந்தன. செம்மறி அந்த வேகத்தில் ஓடாது. எனவே செயற்கைக்கோள் பிழை என்று அடிக்குறிப்பு போட்டு, அந்த நாட்களை மொத்தமாக நீக்கினேன். நீக்கிய பள்ளத்தில் ஒரு நேர்கோட்டை வரைந்து மூடினேன். எல்லோரும் செய்வதுதான்.

பிப்ரவரியில், அந்த உப்புச்சத்துக்கு ஆதாரமாக மண் எடுக்க ஏரிக்குப் போனேன். கணினி காட்டிய இடத்துக்குப் போனால் அங்கே ஆடு இல்லை. நூறு நாள் வேலை நடந்துகொண்டிருந்தது. முப்பது நாற்பது பெண்கள் மண்வெட்டியும் சட்டியுமாகக் கரை கட்டிக்கொண்டிருந்தார்கள். வேலமரக் கிளையில் ஒரு மஞ்சள் பை தொங்கியது. ஆட்டுக்கார அக்கா சும்மாட்டை எடுத்துவிட்டு வந்து, பைக்குள் கைவிட்டு, வெற்றிலைக்கு அடியிலிருந்து என் கருவியை எடுத்துக் காட்டினார். அதில் ஒரு கீறல் இல்லை.

“ஆடு முள்ளுல கழுத்தத் தேச்சுக்கிட்டே இருக்குங்க டீச்சர். தொலஞ்சா படிப்பே போயிரும்னு சொன்னீங்கல்ல. அதான் மொத வாரமே கழட்டி, ஒண்ண நான் வச்சிக்கிட்டேன். இன்னொண்ணு அவரு பெல்ட்டுல இருக்கு.”

அவர் கணவர் இடுப்பில் எப்போதும் பச்சை பெல்ட் கட்டுபவர். இரண்டாம் எண் ஆடு அவர்தான். நாள் முழுக்க மந்தைக்குப் பின்னால் நடப்பதால் ஆடு மாதிரியே நடந்திருக்கிறார்.

எனக்குக் கோபம் வரவேண்டும். யார் மீது என்று தெரியாததால் வரவில்லை. மார்ச் முடிய ஐந்து வாரம் இருந்தது. கையில் ஒரு ஆடுகூட இல்லை.

அக்கா கருவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

“இது போற எடமெல்லாம் ஒங்களுக்குத் தெரியுமாங்க? சனிக்கெழமையும்?”

தெரியும் என்றேன். அவர் என்னை மரத்துக்கு அந்தப் பக்கம் அழைத்துப்போய்ச் சொன்னார். அவர்களுக்கு ஒரே மகள். இரண்டு வருடத்துக்கு முன் கரும்பு லாரி ஓட்டும் வேறு சாதிப் பையனைக் கட்டிக்கொண்டு எறையூருக்குப் போய்விட்டாள். அப்பா தலைமுழுகிவிட்டதாகச் சொன்னார். சொல்லோடு நிற்காமல், இதே ஏரியில் இறங்கி முழுகியும் இருக்கிறார். அன்றிலிருந்து வீட்டில் அவள் பேச்சே கிடையாது. அக்கா சனிக்கிழமை தோறும் கல்லங்குறிச்சிப் பெருமாளுக்கு வேண்டுதல் என்று கிளம்பி, எதிர்த்திசையில் எறையூர் பஸ் ஏறிவிடுவார். திரும்பும்போது பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டு பூக்கடையில் துளசி வாங்கி வருவார். கணவர் அதைக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். தெரிந்தால் மகளைப் பார்ப்பது நின்றுவிடும். அக்காவுக்கு இருந்த பயம் அது ஒன்றுதான்.

வீட்டுக்கு வந்து, நீக்கிய நாட்களைத் திறந்தேன். சனிக்கிழமைகள் அக்கா சொன்னபடியே இருந்தன. எறையூரில் ஒரு வீட்டு வாசல் வரை புள்ளிகள். அதற்குப் பிறகு இரண்டு மணி நேரம் எதுவும் இல்லை. மறுபடி வாசல். தளம் போட்ட வீட்டுக்குள் போனால் கருவிக்கு வானம் தெரியாது, புள்ளி வராது. அம்மாவும் மகளும் உட்கார்ந்து பேசிய அந்த இரண்டு மணி நேரத்தின் மேல்தான் நான் நேர்கோடு போட்டு மூடியிருந்தேன்.

சும்மா ஒரு ஒப்பீட்டுக்காக இரண்டாம் எண்ணின் புதன்கிழமைகளையும் திறந்தேன்.

அவையும் எறையூர்தான். அதே தெரு. வீட்டுக்கு எதிரே, ரோட்டைத் தாண்டி, ஒரு டீக்கடை. கீற்றுக் கொட்டகையாக இருக்கவேண்டும், புள்ளிகள் விடாமல் வந்திருந்தன. ஒவ்வொரு புதன்கிழமையும் நாற்பது நிமிடம். ஒருமுறைகூட ஒரு புள்ளியும் ரோட்டைத் தாண்டவில்லை. ஆட்டுக்குப் பூச்சி மருந்து வாங்க டவுனுக்குப் போவதாக அவர் வீட்டில் சொல்லியிருந்ததை அப்புறம் தெரிந்துகொண்டேன். வாரா வாரம் பூச்சி மருந்து தேவைப்பட்ட மந்தை தமிழ்நாட்டிலேயே அது ஒன்றுதான்.

எனக்கு அழுகை வந்தது. ஆய்வு போனதற்காகவா, அந்த டீக்கடைக்காகவா என்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. காரணங்களைப் பிரித்துச் சொல்வதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

சொல்லாமலே கொடுத்திருக்கலாம். ஏரிக்கரை ஆட்டை நெறியாளர் ஏற்றுக்கொண்டுவிட்டார், தேர்வாளர்களும் ஏற்றிருப்பார்கள். நேர்மையால் விட்டுவிட்டேன் என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். உண்மை வேறு. நீக்கிய புள்ளிகள் உட்பட மூலத் தரவு முழுவதையும் இணைப்பாகக் கொடுக்கவேண்டும் என்பது விதி. யாராவது வேலையற்றவர் திறந்து பார்த்தால் எறையூரில் அந்த வாசல் வரை போய்விடலாம். அதற்கு மனம் வரவில்லை. தரவு பழுதாகிவிட்டது என்று நெறியாளருக்கு எழுதினேன். அவர் வருத்தம் தெரிவித்தார். மார்ச் முடிந்தது, பதிவு ரத்தானது. துறைத் தலைவர் அந்தத் திங்கட்கிழமை ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் வலித்தது.

ஏப்ரலில் கருவிகளைத் திரும்ப வாங்கப் போனேன். கணவர் மேய்ச்சலுக்குப் போயிருந்தார். ஒருவர் ரகசியத்தை இன்னொருவரிடம் சொல்வது தப்பு என்று வழியெல்லாம் எனக்கே சொல்லிக்கொண்டு போய், வாசலில் உட்கார்ந்ததும் சொல்லிவிட்டேன். அக்கா சோளம் புடைத்துக்கொண்டிருந்தார். முறம் நின்றது.

“டீக்கடையிலயா?”

ஆமாம் என்றேன்.

“உள்ள போவலியா?”

ஒருநாளும் போகவில்லை என்றேன். முறத்தைக் கீழே வைத்தார். பிறகு தன் மஞ்சள் பையிலிருந்த ஒன்றாம் எண்ணை எடுத்து என் கையில் கொடுத்தார்.

“அவருகிட்ட இருக்கிறது இன்னும் ஒரு வாரம் இருக்கட்டும் டீச்சர். வர்ற புதன்கெழமைக்கு அப்புறம் வாங்கிக்கிங்க.”

அவரிடம் என்ன சொல்லப்போகிறீர்கள் என்று நான் கேட்கவில்லை.

அந்தப் புதன்கிழமை எனக்கு மூன்று வகுப்புகள். மூன்றிலும் மாணவர்களுக்குக் கணக்கைக் கொடுத்துவிட்டுக் கணினித் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பட்டமும் இல்லை, ஆய்வும் இல்லை, பார்க்க எனக்கு உரிமையும் இல்லை. பார்த்தேன். பத்து இருபதுக்கு இரண்டாம் எண் பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டில் இருந்தது. பதினொன்று இருபதுக்கு எறையூர் டீக்கடை. பதினொன்று முப்பது, டீக்கடை. பதினொன்று நாற்பது, டீக்கடை. பதினொன்று ஐம்பதுக்கு ரோட்டின் நடுவில்.

அதற்குப் பிறகு மூன்று மணி நேரம் தரவு இல்லை. அந்த இடத்தில் நான் கோடு போடவில்லை.