எதிர்வீட்டு ஆங்கிலம்

அக்கா இறந்த மூன்றாம் நாள் காலை, எதிர்வீட்டில் தங்கியிருந்த நைஜீரியப் பெண்மணி எங்கள் வீட்டுக்குள் வந்தார். கூடத்தில் பாயில் உட்கார்ந்திருந்த என் எதிரே முழங்காலிட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டு, “சாரி, மை சிஸ்டர்” என்றார்.

“எதற்கு? நீங்கள் ஒன்றும் செய்யவில்லையே” என்று ஆங்கிலத்தில் பதில் சொன்னேன். கிண்டலாகச் சொல்லவில்லை. அந்த நாட்களில் யார் எதைச் சொன்னாலும் சொல்லின் நேர்ப்பொருள் மட்டுமே எனக்குள் போயிற்று.

அவர் என் கையை விடவில்லை. மறுபடியும் “சாரி” என்றார்.

மயிலாப்பூரில் லஸ் பக்கம் ஒரு பழைய அடுக்ககத்தின் இரண்டாவது மாடியில் நாங்கள் இருவரும் இருந்தோம். எனக்கும் கல்யாணம் ஆகவில்லை, அக்காவுக்கும் ஆகவில்லை. அவள் பள்ளியில் ஆங்கில ஆசிரியை. ஓய்வு பெற்ற பிறகும் மாலையில் கூடத்தில் நாலைந்து பிள்ளைகள் உட்கார்ந்து இலக்கணம் படிப்பார்கள். ஒரு செவ்வாய்க்கிழமை காலை காப்பி ஆற்றிக்கொண்டிருந்தவள், டம்ளரை மேடையில் வைத்துவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள். தலை சுற்றுகிறதா என்று கேட்டேன். ஆம்புலன்ஸ் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

எனக்கு அழுகை வரவில்லை. வரும் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். கொரட்டூரிலிருந்து வந்து என்னோடு தங்கியிருந்த சித்தி, “அழுதுடுடி, மனசு லேசாகும்” என்று அடிக்கடி சொன்னாள். மனசு கனமாகவும் இல்லை. பல் டாக்டர் ஊசி போட்ட பிறகு உதட்டைத் தொட்டால் யாருடைய உதட்டையோ தொடுகிற மாதிரி இருக்குமே, உடம்பு முழுக்க அப்படித்தான் இருந்தது.

எதிர்வீட்டுக்காரர் வெளிநாட்டில் இருக்கிறார். சென்னைக்கு வைத்தியத்துக்கு வருகிறவர்களுக்கு அந்த வீட்டை மாத வாடகைக்கு விடுவார். டாக்காக்காரர்கள், மஸ்கட்காரர்கள், கென்யாக்காரர்கள் எல்லாம் இருந்துவிட்டுப் போயிருக்கிறார்கள். இந்தப் பெண்மணி கணவரின் இதய அறுவைக்காக வந்திருந்தார். படியில் பார்த்தால் சிரிப்பார், அவ்வளவுதான் பழக்கம். அக்காதான் அவரோடு நின்று பேசுவாள். பேசிவிட்டு உள்ளே வந்து, “நல்ல மனுஷி. ஆனா இங்கிலீஷ்தான் தலைகீழா பேசறா” என்பாள்.

அன்றைக்கு அவர் சிறிது நேரம் சும்மா என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து, “ஐ ஆம் கமிங்” என்று சொல்லிவிட்டு வெளியே போனார்.

சித்தி திடுக்கிட்டாள். “என்னடி இது? வரேன்னு சொல்லிட்டா போறா?”

துக்கம் கேட்க வந்தவர்கள் சொல்லிக்கொள்ளாமல் எழுந்து போவதுதான் நம் வழக்கம். மற்ற வீடுகளில் எத்தனை தடவை வேண்டுமானாலும் போயிட்டு வரேன் என்று சொல்லலாம். இங்கே சொல்லக்கூடாது.

“அவங்களுக்கு என்ன தெரியும் சித்தி, விடு” என்றேன்.

“தெரியாம சொன்னாலும் சொன்னதுதானே. அதுவும் போறச்சே கமிங்கா? கோயிங்னுதானே சொல்லணும்? உங்க அக்கா இருந்தா திருத்தியிருப்பா.”

அரை மணி நேரத்தில் அவர் திரும்பி வந்தார். கையில் மூடி போட்ட பாத்திரம். சித்தி என்னைப் பார்த்தாள். “நெஜமாவே வந்துட்டாளே!”

அவர் சொன்ன வார்த்தைக்கு அர்த்தமே அதுதான் என்று பிறகு தெரிந்தது. கொஞ்ச நேரம் வெளியே போய்விட்டுத் திரும்ப வருகிறேன் என்பதை அவர்கள் ஊர் ஆங்கிலத்தில் ‘ஐ ஆம் கமிங்’ என்பார்களாம். அவர்கள் தாய்மொழியில் அப்படித்தான் சொல்வார்களாம். நாம் செருப்பை மாட்டிக்கொண்டே வாசலில் நின்று ‘வரேன்’ என்பதில்லையா, அதேதான்.

பாத்திரத்தில் இருந்தது வெண்டைக்காய்க் குழம்பு மாதிரி ஒன்று. பொடிப்பொடியாக நறுக்கி, மிளகாய் போட்டு, வதக்காமல் கொதிக்க விட்டிருந்தார். அகப்பையிலிருந்து நூல் நூலாக இறங்கியது. எங்கள் வீட்டில் என்ன சாப்பிடுவோம் என்று படி பெருக்குகிற அம்மாவிடம் சைகையில் விசாரித்து, மீனும் இறைச்சியும் போடாமல் செய்தாராம். “அதெல்லாம் இல்லாமல் இது பாதிக் குழம்புதான், மன்னியுங்கள்” என்றார்.

சித்தி ஓரமாக நகர்ந்து, “கொழகொழன்னு கீழே ஒழுகறதே. எப்படிடி இதைச் சாப்பிடறது?” என்று முணுமுணுத்தாள்.

நான் சாப்பிட்டேன். ருசி தெரியவில்லை. ஆனால் எதை வாயில் வைத்தாலும் தொண்டையில் நின்றுவிடும் அந்த வாரத்தில், அது மட்டும் தானாக இறங்கியது.

ஏதாவது பேச வேண்டுமே என்று, “லேடீஸ் ஃபிங்கர் உங்கள் ஊரிலும் உண்டா?” என்று கேட்டேன்.

“எந்த லேடியுடைய விரல்?” என்று சிரித்தவர், துக்க வீடு என்று நினைவு வந்து உடனே நிறுத்திக்கொண்டார். “இது ஓக்ரோ. எங்கள் இக்போ மொழிச் சொல். என் அம்மா ஓக்வுரு என்பாள். எங்கள் ஆட்களைக் கப்பலில் பிடித்துக்கொண்டு போனபோது சொல்லும் கூடப் போய்விட்டது. இப்போது இங்கிலீஷ்காரன் அதை அவன் அகராதியில் வைத்திருக்கிறான்.”

அக்காவுக்கு இந்த வெண்டைக்காய் விஷயத்தில் பெரிய பிடிவாதம் உண்டு. ட்யூஷன் பிள்ளை யாராவது கட்டுரையில் லேடீஸ் ஃபிங்கர் என்று எழுதினால் சிவப்பு மையால் அடித்து, ‘ஓக்ரா’ என்று எழுதுவாள். அதுதான் சரியான இங்கிலீஷ், மற்றது நம் ஊரில் சொல்லிக்கொள்வது என்பாள். அந்தச் சரியான இங்கிலீஷே ஆப்பிரிக்காவிலிருந்து வந்தது என்றால் என்ன சொல்லியிருப்பாள்? முதலில் நம்ப மாட்டாள். அகராதியை எடுத்துப் பார்ப்பாள். பிறகு ஒரு வாரம் எல்லோரிடமும் அதையே சொல்லிக்கொண்டிருப்பாள்.

அவளிடம் சொல்ல வேண்டும் என்று அவள் அறைப் பக்கம் திரும்பினேன். கட்டிலில் படுக்கையைச் சுருட்டி வைத்திருந்தார்கள். திரும்பவும் தட்டைப் பார்த்தேன். சித்தி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், இதோ அழப்போகிறாள் என்று. நான் மீதியைச் சாப்பிட்டு முடித்தேன்.

காரியம் எல்லாம் ஆன பிறகு சித்தி கொரட்டூருக்குப் போனாள். நான் வேலையைத் தொடங்கினேன். வெளிநாட்டு டாக்டர்கள் நோயாளிகளைப் பற்றிப் பேசிப் பதிவு செய்வதை எழுத்தாக்குகிற வேலை. முன்பெல்லாம் நாங்களே கேட்டுத் தட்டச்சு செய்வோம். இப்போது இயந்திரம் எழுதிவிடுகிறது, நாங்கள் பிழை திருத்துகிறோம். வாரத்தில் இரண்டு நாள் தி.நகர் அலுவலகம், மற்ற நாள் வீடு. காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டால் அடுத்தவர்களின் வலிகள் வரிசையாக வரும். எனக்கு அது சௌகரியமாகவே இருந்தது.

எதிர்வீட்டுப் பெண்மணி ஆஸ்பத்திரிக்குப் போகும்போதும் வரும்போதும் என் கதவைத் தட்டிவிட்டுப் போவார். ஒரு நாள் படி பெருக்குகிற அம்மா என்னிடம் முறையிட்டாள். “எக்கா, அந்த ஆப்பிரிக்கா அம்மா என்னிய பாக்கசொல்லோ எல்லாம் வெல்டன் வெல்டன்னுது. நா இன்னா பரிச்சையா எழுதிக்கினு கீறேன்?”

நான் அதை அவரிடம் கேட்டேன். வேலை செய்துகொண்டிருக்கிறவரைப் பார்த்தும் ஒன்றும் சொல்லாமல் கடந்து போவது அவர்கள் ஊரில் மரியாதை இல்லையாம். அதற்கென்று அங்குள்ள மொழிகளில் வாழ்த்து இருக்கிறதாம். ஆங்கிலத்தில் இல்லை. “அதனால் வெல்டன் என்கிற சட்டியில் எங்கள் சாமானைப் போட்டு வைத்தோம்” என்றார். “சாரியும் அப்படித்தான். இக்போவில் ‘ந்டோ’ என்போம். யாராவது தடுக்கி விழுந்தாலும் சொல்வோம், செத்துப்போனாலும் சொல்வோம். குற்றத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. உன் வலி எனக்குத் தெரிகிறது, அவ்வளவுதான். நீ அன்றைக்கு ‘எதற்கு’ என்று கேட்டாயே, எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.”

நான் படி பெருக்குகிற அம்மாவிடம் விளக்கினேன். “அப்ப சரிதான்” என்றாள். மறுநாளிலிருந்து அவளும் அவரைப் பார்த்து “வெல்டன்மா” என்றாள்.

கணவருக்கு வால்வு மாற்றினார்கள். அறுவை நன்றாக நடந்தது. சில நாட்கள் கழித்து ஒரு மத்தியானம் அந்தப் பெண்மணி என் கதவை விடாமல் தட்டினார். “என்னோடு ஆஸ்பத்திரிக்கு வா. அவர் காலையிலிருந்து சரியாக இல்லை. நான் சொல்வது நர்ஸுக்குப் புரியவில்லை. நர்ஸ் சொல்வது எனக்குப் புரியவில்லை.”

ஆட்டோவில் போனோம். அடையாறு பாலம் தாண்டுகிற வரைக்கும் அவர் முன் கம்பியைப் பிடித்துக்கொண்டே வந்தார்.

வார்டில் கணவர் சாய்ந்து படுத்திருந்தார். பெரிய உடம்புக்காரர். மெல்லிய குரலில், “மை பாடி இஸ் டூயிங் மீ சம்ஹவ்” என்றார். காலையிலிருந்து அந்த ஒரு வாக்கியத்தைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறாராம்.

நர்ஸ் தென்மாவட்டத்துப் பெண், சின்ன வயசு. பொறுமையாகத்தான் இருந்தாள். “வலிக்குதான்னு கேட்டேன், இல்லங்கார். மூச்சு முட்டுதான்னு கேட்டேன், இல்லங்கார். பிரஷர், நாடி எல்லாம் இப்பதான் பார்த்தேன், பரவால்ல. என்ன செய்யுதுன்னு சொன்னாத்தான டாக்டர்ட்ட சொல்ல முடியும்?”

“அவருக்கு உடம்பு ஒரு மாதிரி பண்ணுதாம் சிஸ்டர்” என்றேன்.

யோசித்துச் சொன்னதில்லை. அவர் பேசியதைச் சொல்லுக்குச் சொல் தமிழில் வைத்தேன், அது அப்படியே நம் வாக்கியமாக வந்து நின்றது.

நர்ஸின் முகம் மாறியது. “ஒரு மாதிரி பண்ணுதா? காலைலருந்தா?” என்று மறுபடி நாடியைப் பிடித்தாள். கழுத்தில் நரம்பைப் பார்த்தாள். “இருங்க” என்று போய் டாக்டரைக் கையோடு கூட்டி வந்தாள். ஸ்கேன் மெஷினைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். இதயத்தைச் சுற்றி நீர் கோத்துக்கொண்டிருந்தது. அறுவைக்குப் பிறகு சிலருக்கு வருவதுதான், இப்போதே எடுத்துவிடலாம் என்று டாக்டர் சொன்னார். கட்டிலோடு உள்ளே கொண்டுபோனார்கள்.

நாங்கள் நடைக்கூடத்தில் பிளாஸ்டிக் நாற்காலிகளில் உட்கார்ந்தோம். அவர் இக்போவில் ஏதோ ஜபித்துக்கொண்டிருந்தார். நடுவில் நிறுத்தி, “உன் உடம்பு எப்படி இருக்கிறது?” என்று என்னைக் கேட்டார்.

அக்கா போனதிலிருந்து பலர் கேட்ட கேள்விதான். எல்லோரிடமும் நன்றாக இருக்கிறேன் என்று சொல்லியிருந்தேன். அவரிடம், “எனக்கு ஒரு மாதிரிகூடப் பண்ணவில்லை. ஒன்றுமே பண்ணவில்லை” என்றேன்.

அவர் தலையை ஆட்டினார். “அதற்கு எங்களிடம் ஒரு சொல் இருக்க வேண்டும். யோசிக்கிறேன்.”

கணவரை வெளியே கொண்டுவந்தபோது முகம் தெளிந்திருந்தது. என்னைப் பார்த்து, ஜெயித்துவிட்டேன் என்பது போல இரண்டு விரலைத் தூக்கிக் காட்டினார். திரும்பும்போது வெயில் தணிந்திருந்ததால் பட்டினப்பாக்கம் வழியாகப் போகச் சொன்னேன். கடற்கரையில் படகுகள் வரிசையாக நின்றன. உங்கள் வெண்டைக்காய் மாதிரி எங்கள் கட்டுமரமும் ‘கேட்டமரான்’ என்று இங்கிலீஷில் இருக்கிறது என்று சொன்னேன். ஆட்டோவிலிருந்து எட்டிப் பார்த்து, எது என்று கேட்டார். எல்லாம் ஃபைபர் படகுகள். கட்டுமரம் ஒன்றுகூடக் கண்ணில் படவில்லை.

“பரவாயில்லை, சொல் இருக்கிறதே” என்றார். வீடு வந்து படியேறும்போது, “யோசித்துப் பார்த்தேன். அதற்கு எங்களிடமும் சொல் இல்லை” என்றார். எதற்கு என்று நான் கேட்கவில்லை. புரிந்தது.

கணவர் தேறினார். மருந்துகள், பரிசோதனைகள் என்று இன்னும் சில வாரம் இருந்துவிட்டு இருவரும் ஊருக்குப் போனார்கள். எதிர்வீட்டுக்கு டாக்காவிலிருந்து ஒரு குடும்பம் வந்தது.

பிறகு ஒரு நாள் வேலையில் ஒரு பதிவு வந்தது. லண்டனில் யாரோ ஒரு டாக்டர், தன் நோயாளி சொன்னதை அவர் வார்த்தையிலேயே படித்திருந்தார். இயந்திரம் அதை ‘டூயிங் மீ சம் ஹார்ம்’ என்று எழுதியிருந்தது, தனக்கு யாரோ தீங்கு செய்வதாக. நான் அதை ‘சம்ஹவ்’ என்று திருத்தினேன். மேலே சரிபார்ப்பவர், இது என்ன ஆங்கிலம், பொதுவான உடல் சோர்வு என்று போடலாமே என்று கேட்டு அனுப்பினார். நோயாளி சொன்னது இதுதான், சோர்வு என்று அவர் சொல்லவில்லை என்று பதில் எழுதினேன். அப்படியே விட்டுவிட்டார்கள்.

போன மாதம் நைஜீரியாவிலிருந்து அந்தப் பெண்மணியின் குரல் செய்தி வந்தது. பின்னால் கோழிச் சத்தமும் பிள்ளைகள் சண்டை போடுவதும் கேட்டது. கணவர் கடையைத் திறந்துவிட்டாராம். சிமெண்டு மூட்டையை மட்டும் தூக்க விடுவதில்லையாம். இவரோ நம் படி பெருக்குகிற அம்மாவிடமிருந்து ஒரு வார்த்தையைக் கொண்டுபோய்விட்டாராம். என்ன செய்கிறாய் என்று எப்போது கேட்டாலும் அவள் அதைத்தான் சொல்வாளாம். இப்போது வீட்டில் பிள்ளைகளுக்கும் தொற்றிக்கொண்டது. “என் மகனைக் கூப்பிட்டு என்ன செய்கிறாய் என்றால், ‘மம்மி, ஐ ஆம் ஜஸ்ட் சிட்டிங் சும்மா’ என்கிறான். பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் சொல்கிறார்கள். நீ என்ன செய்துகொண்டிருக்கிறாய்?”

இன்னொரு தரம் கேட்டேன். சும்மாதான் என்று பேசி அனுப்பினேன். பிறகு எழுந்து குக்கர் வைக்கப் போனேன். ஒருத்திக்கு எவ்வளவு அரிசி என்பது கைக்குப் பழகியிருந்தது.