மெக்சிகோ சீரியலின் முதல் நாள்

கேபிள் டிவி தொழிலில் படம் ஓடும்வரை நம்மை யாருக்கும் தெரியாது. படம் போனால் ஊருக்கே நம் நம்பர் தெரியும். சந்தாவும் கட்டிவிட்டு வெறும் திரையைப் பார்த்து உட்கார்ந்திருக்கும் சக பாவிகளே, கம்பத்தின் மேல் தொங்கும் நானும் உங்கள் கட்சிதான்.

எட்டாத வயர்

வடக்கனந்தலில் ஏரிக்கரை ஓரம் காஞ்சனாவின் வீடு. ரைஸ்மில்காரர் வீட்டில் வேலை செய்கிறாள். டிவி வாங்கி வைத்துவிட்டு ஆறு மாதமாக இணைப்புக் கேட்டாள். "வயர் எட்டாதும்மா" என்றே சொல்லி வந்தேன். ஒரே ஒரு வீட்டுக்காக மூன்று கம்பம் ஏற யாருக்கு மனசு வரும்? மெக்சிகோ சீரியல் தமிழில் வரப்போகிறது என்று விளம்பரம் வந்ததும் மறுபடி வந்தாள்.

"முதல் நாளு பாக்கலன்னா அந்தப் பொண்ணு எதுக்கு அழுவுதுன்னே தெரியாதுண்ணே. எங்க வூட்ல குந்திக்கினு பாக்கணும், அவ்ளோதான்."

கரும்பு டிராக்டர்

அந்தத் திங்கட்கிழமையும் வந்தது. ரெண்டரைக்கு சீரியல். ஒன்றரைக்கு, சர்க்கரை மில்லுக்குப் போன கரும்பு டிராக்டர் தலைக்கு மேல் ஏற்றியிருந்த பாரத்தோடு என் மெயின் வயரையும் இழுத்துக்கொண்டு போய்விட்டது. மளிகைக்கடை பாய் போன் போட்டார். திட்டுவார் என்று நினைத்தேன். கெஞ்சினார்.

"தம்பி, படம் வந்தாதான் சோறுன்னு வூட்ல சொல்லிட்டாங்க. பசி ஜாஸ்தியாப் போச்சுப்பா."

மக்காச்சோளக்காரி

ரெண்டரைக்குள் ஒருவழியாக வயரை ஒட்டுப் போட்டு, படம் வருகிறதா என்று பார்க்க ரைஸ்மில்காரர் வீட்டுக்குள் நுழைந்தேன். பார்த்தவன் நின்றுவிட்டேன். நம்ம சீரியலில் முதல் நாள் முழுக்க மாடிப்படி இறங்குவார்கள். இதில் இருபதே நிமிஷத்தில் ஒரு பெண்ணின் தலையெழுத்தே தெரிந்துவிட்டது. மக்காச்சோளம் விற்கும் எலேனா, பங்களாவில் கால் வலித்து ஒரு நாற்காலியில் உட்கார்கிறாள். எஜமானி கூடையை எட்டி உதைக்கிறாள். சிதறிய கதிர்களை அவசரமே இல்லாமல் ஒவ்வொன்றாகப் பொறுக்கிவிட்டு, "இதே நாற்காலியில் ஒரு நாள் உட்காருவேன்" என்று தூய தமிழில் சொல்கிறாள். எனக்குப் புல்லரித்தது. சோபாவில் இருந்த ரைஸ்மில் அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"நாசமாப் போறவ! செத்த நேரம் குந்துனா நாற்காலி தேஞ்சா பூடும்?"

சமையலறை வாசல்

சமையலறை வாசலில் ஈரக் கையோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தாள் காஞ்சனா. "நானும் மூணு வருசமா நின்னுகினுதாங்கம்மா பாக்கறேன்" என்றாள். கோபமாக இல்லை, மணி கேட்டால் சொல்வது மாதிரி. வேலை போய்விடுமோ என்று நான் பயந்தேன். இந்தச் சம்பளத்தில்தான் அவளுடைய இரண்டு பிள்ளைகளும் படிக்கிறார்கள். அம்மா ரிமோட்டைத் தேடினார்; அது அவர் கையிலேயே இருந்தது. பிறகு சோபாவில் நகர்ந்து இடம் விட்டார். நல்ல மனுஷிதான், உட்காரச் சொல்ல இத்தனை நாள் அவருக்குத் தோன்றவில்லை.

காஞ்சனா உட்காரவில்லை. எலேனாவை ரசித்த நான் அந்த நிமிஷம் காஞ்சனா கட்சிக்கு மாறிவிட்டேன். அவள் என் பக்கம் திரும்பினாள்.

"இருக்கட்டுங்கம்மா, நான் எங்க வூட்லயே குந்திக்கறேன். அண்ணே, வயரு எட்டுமா எட்டாதா? அம்மா எதிர்லயே சொல்லுங்க."

மறுநாள் ரெண்டு மணிக்கே காஞ்சனா வீட்டுக்கு வயர் எட்டிவிட்டது; கம்பங்கள் எல்லாம் இருந்த இடத்தில்தான் இருந்தன, நான்தான் கொஞ்சம் நகர வேண்டியிருந்தது.