புகையில்லாத பெட்ரோல்

ஆயில் கலந்த பெட்ரோல் எரியும் புகைக்கு ஓர் இனிப்பு வாடை உண்டு, தொண்டையில் ஒட்டிக்கொண்டு சோறு தின்னும்போதும் இறங்காத வாடை. காமயகவுண்டன்பட்டியில் எங்கள் வீட்டுத் துணிமணி முழுக்க அதுதான் மணக்கும், ஏனென்றால் அப்பா "மிஷின்", அதாவது கையில் பிடித்து ஓட்டும் பெட்ரோல் ரம்பம், வைத்து மரம் அறுப்பவர்.

அறுப்பது அப்பா என்றாலும், மிஷினுக்குப் பெட்ரோல் கலக்கும் உரிமை அவருடைய அண்ணனான என் பெரியப்பாவுக்குத்தான். சேர்ந்தாற்போல் பத்து நிமிடம் வெயிலில் நிற்க மாட்டாத அந்த மனிதர் பேச்சில் மட்டும் பெரிய மெக்கானிக். ஒரு லிட்டருக்கு எவ்வளவு ஆயில் என்று கோடு போட்ட அளவு பாட்டில் ஒன்று மிஷினோடு வந்திருந்தது. பெரியம்மா அதில் தலைக்குத் தேய்க்கும் எண்ணெயை ஊற்றி வைத்திருந்தார். "அளவு பாத்து ஊத்துறவன் தொழிலுக்குப் புதுசா வந்தவன்" என்பார் பெரியப்பா. அவருடைய தொழில் ரகசியம் இவ்வளவுதான்: அவரிடம் இருந்த பழைய மொபெட்டுக்கு, பெட்ரோல் பங்க்கிலேயே ஆயில் சேர்த்துத்தான் அடிப்பார்கள்; வண்டியின் டியூப்பைக் கழற்றி, அந்தப் பெட்ரோலைப் பாட்டிலில் பிடித்து, மிஷினில் ஊற்றிவிடுவார். மிஷின் எப்படியோ ஓடியது. அதைத் தன் கைராசி என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டார்.

நான் ஏழாம் வகுப்பு படித்த வருடம், மொபெட்டை விற்றுவிட்டுப் புது பைக் வாங்கினார். அந்த வண்டிக்குப் பெட்ரோலில் ஆயில் கலக்கத் தேவையில்லை. மிஷினுக்கு அது தேவை என்பது மட்டும் அவர் மண்டையில் ஏறவே இல்லை. வழக்கம்போல டியூப்பைக் கழற்றிப் பிடித்து ஊற்றினார். ஒரு திராட்சைத் தோட்டத்து ஓரத்தில் நாலு வேப்ப மரங்கள் அறுக்க வேண்டும். அப்பாவுக்குச் சோறு கொண்டுபோயிருந்த நான், "பெரியப்பா, புகையே வரலையே" என்றேன்.

"ஆத்தா, இது புது வண்டிப் பெட்ரோலு. சுத்தமான சரக்குல புகை எப்பிடி வரும்?" என்று பெருமையாகச் சிரித்தார். அப்பாவுக்கும் சந்தேகம் வந்திருக்கும். ஆனால் அண்ணன் ஊற்றியதைக் கேள்வி கேட்டு அவருக்குப் பழக்கமில்லை. இரண்டாவது மரம் பாதி அறுபடும்போது மிஷின் கிறீச்சிட்டு அப்படியே இறுகிப்போனது.

கம்பம் டவுன் மெக்கானிக் பிரித்துப் பார்த்தார். பிஸ்டன் பூராவும் கீறல். "ஆயிலே ஊத்தாம யாரு ஓட்டுனாக?" என்றார். பெரியப்பா கூசாமல் அப்பாவைக் கைகாட்டினார்: "தம்பிதான். கவனமில்லாத பய." அப்பா தலையைக் குனிந்துகொண்டார். அந்தப் பேச்சு ஊர் முழுக்கப் பரவி, மரம் அறுக்க அப்பாவை யாரும் கூப்பிடாமல் போனார்கள். பிறகு பல வருடம் அவர் ஜீப்பில் ஏறி, கேரளத்து ஏலத்தோட்டத்துக்குக் கூலியாகப் போய்வந்தார்.

இப்போது அந்த மொபெட் இல்லை, பங்க்கில் "ஆயில் எவ்வளவு?" என்று கேட்பவர் இல்லை, அந்த வாடையும் இல்லை. பெரியப்பா மட்டும் திடமாக இருக்கிறார். போன மாதம் ஒரு கல்யாணப் பந்தியில் எல்லார் முன்னாலும் அந்தக் கதையை எடுத்தார்: "ஆயில் ஊத்த மறந்து ஒரு நல்ல மிஷின எரிச்சுப்புட்டான் என் தம்பி." பக்கத்து இலையில் இருந்த அப்பா சிரித்தபடியே, "ஆமாண்ணே, மறந்துட்டேன்" என்றார்.

இத்தனை வருடமும் பெரியப்பாவை மட்டுமே இளக்காரமாக நினைத்திருந்தேன். அன்று அப்பாவையும் சேர்த்துக்கொண்டேன். புகை வரவில்லை என்று அந்தத் தோட்டத்தில் வாய்விட்டுச் சொன்னவள் நான் ஒருத்திதான். பந்தியில் நானும் தலையைக் குனிந்து அப்பளத்தை நொறுக்கிக்கொண்டிருந்தேன்.