லாண்டரி அறையில் ஓட்டுக் கேட்டவர்

வெஸ்ட் வின்ட்சரில் எங்கள் அப்பார்ட்மென்டின் லாண்டரி அறையில்தான் அவரைப் பார்த்தேன். மலேசியாவில் ஏதோ மலாய்க் கட்சியின் மகளிர் பிரிவுத் தலைவியாக இருந்தவராம். தன் துணைத்தலைவியிடமே தோற்றுப்போய், மகள் வீட்டுக்கு ஓய்வெடுக்க வந்திருந்தார். பூப்போட்ட நீள உடை, பட்டு முக்காடு. துணி துவைக்க யார் வந்தாலும் எழுந்து கைகொடுத்து, அந்தக் கையைத் தன் நெஞ்சில் வைத்துக்கொள்வார்.

நான் தமிழ் என்றதும் முகம் மலர்ந்தது. ரப்பர் தோட்டங்களில் பிரசாரத்துக்குப் போய்க் கற்ற தமிழ் மட்டும்தான் அவருக்குத் தெரியும்.

"தங்கச்சி, வீட்டுல தண்ணி வருதா?"

"வருது ஆன்டி."

"கரண்டு?"

"இருக்கு."

"ரோடு நான் போட்டுத் தர்றேன். மறக்காம ஓட்டுப் போடுங்க!"

"எனக்கு இங்க ஓட்டே கிடையாது ஆன்டி. கிரீன் கார்டுக்கே இப்பத்தான் அப்ளை பண்ணியிருக்கோம்."

சற்று யோசித்தார். "எனக்கும்தான் இல்ல. பரவாயில்ல, வேற என்ன குறை? சொல்லுங்க."

மூன்றாவது டிரையர் சூடாவதில்லை என்றேன். நோட்டை எடுத்துக் குறித்துக்கொண்டார். மறுநாள் போனால், துணிக்கூடைகளோடு நாலு பெண்கள் அவர் முன்னால் வரிசையில் நின்றிருந்தார்கள், குறை சொல்ல.

டிரையர் கடைசிவரை சூடாகவில்லை. நான் சிட்டிசனாகி எத்தனையோ தடவை ஓட்டுப் போட்டுவிட்டேன். என்ன குறை என்று என்னிடம் கேட்ட அரசியல்வாதி இன்றுவரை அவர் ஒருவர்தான்.