நாற்பது எண்ணிக்கை ஆமென்

எங்கள் சர்ச்சின் பாடகர் குழுவான கொயரில் டோக்கன் அக்காவுக்குப் பயப்படாத ஆள் கிடையாது. கிளினிக் ஒன்றில் முன்மேசை வேலை. காய்ச்சலோ கால்வலியோ, டோக்கன் சீட்டு வாங்கித்தான் உட்கார வேண்டும். பெற்ற தாயே வந்தாலும் வரிசைதான்.

இரண்டு வருடத்துக்கு முன் அக்காவின் அண்ணி வயிற்றுவலியோடு அங்கே போனார். கிடைத்தது நாற்பத்து மூன்றாம் சீட்டு, மூன்று மணி நேரக் காத்திருப்பு. அன்றோடு பேச்சு நின்றது. அக்கா செய்ததுதான் நியாயம் என்று நானும் வாதாடியிருக்கிறேன். எனக்கு வயிறு வலிக்கவில்லையே. கொயரில் மட்டும் இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து நாற்காலி. எங்களிடம் ஆல்ட்டோ, அதாவது பெண்களின் கீழ்க்குரல், பாட இருந்ததே அந்த இரண்டு பேர்தான்.

இந்த லட்சணத்தில், கொயர் மாஸ்டர் பரமண்டல ஜெபத்துக்குப் புது மெட்டு போட்டுக்கொண்டு வந்தார். நவீன இசையாம். யார் தப்பாகப் பாடினாலும் கண்டுபிடிக்க முடியாது என்பதால் எனக்குப் பிடித்துப்போயிற்று. முடிவில் நாங்களெல்லாம் நிறுத்திவிட, ஆல்ட்டோ மட்டும் ‘ஆமென்’ என்பதை நாற்பது எண்ணும்வரை அறுபடாமல் இழுக்க வேண்டும்.

“ரெண்டு பேரும் ஒரே நேரத்துல மூச்சு எடுத்தா நடுவுல ஓட்டை விழும், பாட்டே போச்சு. யார் எப்போன்னு பேசி வச்சுக்கங்க” என்றார் மாஸ்டர்.

பேசுவதா? அடுத்த பயிற்சிக்கு அக்கா ஒரு கிளினிக் சீட்டில் ‘20’ என்று எழுதிக்கொண்டுவந்து அண்ணியின் பாட்டுத்தாள்மேல் வைத்தார். இருபதில் அண்ணி மூச்சு எடுக்கலாம். பத்தும் முப்பதும் அக்காவுக்கு. அண்ணி பார்த்த பார்வைக்கு அந்தச் சீட்டு எரியாமல் தப்பியதே பெரிது.

சபையில் பாட வேண்டிய ஞாயிற்றுக்கிழமை பார்த்து அண்ணிக்குச் சளி. இருபதில் ஒழுங்காகத்தான் மூச்சு எடுத்தார். இருபத்தெட்டில் முகம் சிவந்து கண்ணில் நீர் கட்டிவிட்டது. முப்பதில் மூச்செடுக்கப் போன அக்கா பக்கத்தில் திரும்பினார். பார்த்தவர் மூச்சு எடுக்கவில்லை. தாடையை அசைத்து, ‘நீங்க எடுங்க’ என்று காட்டினார். அண்ணி எடுத்தார்; கூடவே இருமல் கிளம்ப, கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார். மிச்சப் பத்தையும் அக்கா, பத்தில் எடுத்த பழைய மூச்சிலேயே ஒற்றை ஆளாக இழுத்தார். கடைசியில் வந்தது குரலா விசிலா என்று கேட்காதீர்கள். நவீன இசை என்பதால் சபையில் ஒருவரும் கேட்கவில்லை.

அங்கி மாற்றும் அறையில் அக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். அண்ணி எதிரே வந்து நின்றார்.

“அது உன் முறையாச்சே. வரிசை எப்படி மாறுச்சு?”

இரண்டு வருடத்தில் முதல் பேச்சு. அக்கா சுவரை விடாமலே சொன்னார்.

“அன்னிக்கு நம்பரை மட்டும்தான் பாத்தேன், அண்ணி. உங்க முகத்தைப் பாக்கவே இல்ல.”

அண்ணி பையிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்துத் திறந்தார். தொண்டை அவருக்கும்தான் வறண்டிருந்தது. இருந்தும் அதை அக்காவிடம் நீட்டினார்.

“மொதல்ல நீ குடி.”